பத்தாம் தேதியும் சதுர்த்தியும்

எங்கள் பள்ளியின் காலைக் கூட்டத்தில் உறுதிமொழியும் செய்தியும் முடிந்த பிறகு ‘வரலாற்றில் இன்று’ என்று ஒரு நிமிடம் உண்டு. நான் வரலாறு நடத்துகிறவள் என்பதால் அது என் தலையில் விழுந்தது. முதல் வருஷம் கையில் கிடைத்ததையெல்லாம் பார்த்து எழுதிக் கொடுத்தேன். விளைவு, ஒரு மன்னர் ஒரே மாதத்தில் இரண்டு முறை இறந்துபோனார். ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் அதைக் கண்டுபிடித்துவிட்டார்கள். மதியச் சாப்பாடு வரைக்கும் சிரிப்பு அடங்கவில்லை.

அந்த அவமானத்தோடு தேனி கடைவீதிக்குப் போய்ப் பெரிய நோட்டு ஒன்று வாங்கினேன். தேதிக்கு ஒரு பக்கம், பிப்ரவரி இருபத்தொன்பதையும் சேர்த்து முந்நூற்று அறுபத்தாறு பக்கம். எனக்கு நானே ஒரு சட்டமும் போட்டுக்கொண்டேன். இரண்டு இடத்தில் பார்த்து இரண்டும் ஒத்துப்போனால்தான் பேனா. அதுவரைக்கும் பென்சில்.

ஒரு நாள் எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி எழுந்து கேட்டாள். “மிஸ், நானூறு வருசத்துக்கு முன்னாடி ஒண்ணு நடந்துச்சு. அம்பது வருசத்துக்கு முன்னாடி இன்னொண்ணு நடந்துச்சு. ஒரே தேதிங்கிறதத் தவிர அதுக்கும் இதுக்கும் என்ன மிஸ் சம்பந்தம்?”

“ஒரு சம்பந்தமும் இல்லை, உட்காரு” என்றேன். கொஞ்சம் கடுப்பாகவே சொன்னேன். கேள்வி தப்பு என்று கோபம் வரவில்லை, பதில் தெரியவில்லையே என்றுதான் வந்தது. நோட்டை எடுக்கும்போதெல்லாம் அந்தக் கேள்வியும் கூடவே வந்து உட்கார்ந்துகொண்டது.

அந்த நோட்டில் அதிகம் அழுக்கான பக்கம் அக்டோபர் பத்து. முதல் வரி, 1895, பெரியாறு அணை திறப்பு. இதை எனக்குச் சொன்னவர் அப்பா. அணைக்குக் கீழே மலையடிவாரத்து லோயர் கேம்ப்பில் கால்வாய்க்கு வருகிற தண்ணீரை அளந்து எழுதி வைக்கிற வேலை அவருக்கு. வருஷா வருஷம் அன்று காலையில் சட்டையை மாட்டிக்கொண்டே, “இன்னைக்கித்தாம்மா அணையத் தொறந்தாக” என்பார், ஏதோ பக்கத்து வீட்டுக் கிரகப்பிரவேசத்தைச் சொல்கிற மாதிரி. அதற்குக் கீழே 1911, சீனாவில் மன்னராட்சியைக் கவிழ்த்த கிளர்ச்சியின் தொடக்கம். 1964, டோக்கியோ ஒலிம்பிக் தொடக்கம். 1967, விண்வெளி எந்த நாட்டுக்கும் சொந்தமில்லை என்ற ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. 1970, பிஜி விடுதலை.

எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது 1582. அந்த வருஷம் ரோமாபுரியில் அக்டோபர் பத்து என்று ஒரு நாளே கிடையாது. சூரியனுக்கும் நாள்காட்டிக்கும் கணக்கு இடிக்கிறது என்று போப்பாண்டவர் பத்து நாட்களை வெட்டிவிட்டார். நான்காம் தேதி இரவு படுத்தவர்கள் பதினைந்தாம் தேதி காலையில் எழுந்தார்கள்.

பக்கத்தின் அடியில் ஒரு வரி பென்சிலில் இருந்தது. ‘அப்பா இறந்த நாள்.’

அது ஏன் பென்சிலில் இருந்தது என்பதைச் சொல்ல வேண்டும். அப்பா கூடலூர்க்காரர், விபூதி வைக்கிறவர். அம்மா பழைய மிஷன் கிராமம் ஒன்றில் பிறந்த கத்தோலிக்கப் பெண். கல்யாணம் செய்துகொண்ட பிறகு இரண்டு பேருமே மாறவில்லை. வீட்டில் முருகனும் மாதாவும் ஒரே அலமாரியில், மேல்தட்டும் கீழ்த்தட்டுமாக இருந்தார்கள். எந்தத் தட்டு யாருக்கு என்பதில் மட்டும் அவ்வப்போது சண்டை வரும். நான் ஒரே பிள்ளை. அப்பாவுக்கு ஒரே அக்கா, என் அத்தை. அதே கூடலூரில், இரண்டு தெரு தள்ளி வீடு.

அப்பா கம்பத்தில் ஆஸ்பத்திரியில் ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் மூன்று மணிக்கு இறந்தார். நெஞ்சுவலி. மறுநாள் எடுப்பதாக ஏற்பாடு. அப்பாவுடைய முறைப்படியே எல்லாம் நடக்கட்டும் என்று அம்மா சொல்லிவிட்டார். அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான், எடுப்பதற்கு முன்னால் தன் மாதா கோயில் சாமியார் வந்து தலைமாட்டில் நின்று ஒரு ஜெபம் சொல்ல வேண்டும். சாமியாருக்கு அன்று வேறொரு ஊரிலும் அடக்கம் இருந்தது. பன்னிரண்டு மணிக்குள் வந்துவிடுவேன் என்று சொல்லி அனுப்பியிருந்தார்.

புதன்கிழமை பன்னிரண்டு மணிக்கு ராகு காலம். அத்தை ராகு காலம் பார்க்காமல் தயிர்கூட உறை ஊற்ற மாட்டார். “பன்னெண்டு அடிக்கிறதுக்குள்ள எடுத்துரணும். எந்தம்பிய அந்த நேரத்துல நான் அனுப்ப மாட்டேன்” என்று நின்றார். பத்து நிமிடம் இருக்கும்போது எடுத்துவிட்டார்கள். சாமியாரின் மோட்டார் சைக்கிள் பன்னிரண்டேகாலுக்கு வாசலில் வந்து நின்றபோது, அப்பாவைக் கிடத்தியிருந்த இடத்தைக் கழுவிக்கொண்டிருந்தார்கள்.

“கால் மணி நேரம் பொறுக்க மாட்டாகளா?” என்று அம்மா அன்று ஒரு தடவை கேட்டார். பிறகு வருஷக்கணக்கில் கேட்டுக்கொண்டே இருந்தார், அடுப்படியில், பேருந்தில், என் பிள்ளைக்குத் தலை சீவும்போது. ஆனால் கேட்க வேண்டியவரிடம் கேட்கவேயில்லை.

முதல் வருஷ நினைவு நாள் வந்தது. அம்மா அக்டோபர் பத்தாம் தேதிக்குக் கோயிலில் பூசைக்குக் கொடுத்தார். அத்தையோ புரட்டாசித் தேய்பிறைச் சதுர்த்திதான் தம்பியின் நாள் என்று சுருளி ஆற்றங்கரைக்குப் போய்த் தன் மகனை வைத்துத் திதி கொடுத்தார். எனக்கு அவர் அத்தான் முறை. அந்த வருஷம் சதுர்த்தி செப்டம்பர் கடைசியிலேயே வந்துவிட்டது. அத்தை வீட்டிலிருந்து ஆள் வந்து அழைத்தபோது, “அவுக செத்தது பத்தாம் தேதி. இன்னைக்கி ஒண்ணுமில்லையே” என்றார் அம்மா. பத்தாம் தேதி நான் போய் அத்தையைப் பூசைக்குக் கூப்பிட்டேன். “தேதி வெள்ளைக்காரன் போட்டது தாயி. எந்தம்பி நாளு முடிஞ்சிருச்சு” என்றார் அத்தை.

இரண்டு பேருக்குமே வசதியாகப் போயிற்று. கோபம் என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை; நாள் ஒத்துவரவில்லை, அவ்வளவுதான். கிறிஸ்துமஸ் முறுக்கும் தீபாவளி அதிரசமும் என் கையில் போய் வந்தன. ஆட்கள் போய் வரவில்லை. பிறகு அம்மா என்னோடு தேனி அல்லிநகரத்துக்கு வந்துவிட்டார், அந்த இரண்டு தெரு தூரமும் ஐம்பது கிலோமீட்டராக ஆயிற்று. நான் வருஷத்துக்கு இரண்டு முறை அப்பாவை நினைத்து, இரண்டு முறை பாயசம் சாப்பிட்டேன். என் சட்டப்படி, இரண்டு இடமும் ஒத்துப்போகாததால் அந்த வரி பென்சிலிலேயே கிடந்தது.

ஆனால் எனக்கு வேறொரு அரிப்பு. இந்தச் சதுர்த்தி ஏன் இப்படி ஓடுகிறது? அக்டோபர் பத்தாம் பக்கத்தின் ஓரத்தில் ஒவ்வொரு வருஷமும் அது வந்த தேதியைக் குறித்துக்கொண்டே வந்தேன். பத்துப் பதினோரு நாள் முன்னால் போகும். மறு வருஷமும் முன்னால் போகப் பார்க்கும். பிறகு திடீரென்று அக்டோபர் நடுவுக்குத் தாவும். எட்டாவது வருஷம் அக்டோபர் பதினொன்றில் வந்து நின்றது. ஒரே ஒரு நாள்தான் வித்தியாசம். ஆசையோடு அம்மாவிடம் போனேன்.

“பதினொண்ணு எப்படிப் பத்தாகும்? நீயெல்லாம் பிள்ளைகளுக்கு என்னத்தச் சொல்லிக் குடுக்கிற?” என்றார்.

எனக்கும் சூடு ஏறிவிட்டது. “உங்க போப்பாண்டவர் ஒரு வருஷம் பத்தாம் தேதியையே இல்லாமப் பண்ணினவரு, தெரியுமா? தேதின்னா என்ன, மலையில வெட்டி வச்சதா?” என்று 1582 கதையை முழுக்கச் சொன்னேன். அம்மா கவனமாகக் கேட்டார்.

“அவுக காரணமில்லாமச் செஞ்சிருக்க மாட்டாக” என்று சொல்லிவிட்டு வெங்காயம் உரிக்கப் போய்விட்டார்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் ஆசிரியர் அறையில் அந்தப் பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்தில் டீ குடித்துக்கொண்டிருந்த கணக்கு ஆசிரியர் எட்டிப் பார்த்தார். பென்சில் தேதிகள் மேல் விரலை ஓட்டிவிட்டு, “இது என்ன டீச்சர், நிலாக் கணக்கா?” என்றார். விஷயத்தைச் சொன்னேன்.

“நிலாவுக்குப் பன்னெண்டு மாசம் நம்ம வருசத்தை விடப் பதினோரு நாள் கம்மி. அதான் வருசா வருசம் முன்னாடி போகுது. மாசம் மாறிறக் கூடாதுன்னு அப்பப்ப ஒரு தாவு. ஆனா பத்தொம்பது வருசத்துக்கு ஒருக்கா ரெண்டும் பழைய எடத்துக்கே வந்து நிக்கும். ஒங்க பத்தொம்பதாவது பிறந்த நாளு நட்சத்திரத்தோட சேந்து வந்திருக்குமே, கவனிக்கலையா?”

நான் கவனிக்கவில்லை. அப்பா இறந்து எத்தனை வருஷம் என்று விரலை விட்டு எண்ணினேன். பதினாறு.

அன்றிலிருந்து அந்த வருஷத்துக்காகக் காத்திருந்தேன். போன வருஷம் ஜனவரி முதல் தேதி, மளிகைக் கடையில் கொடுத்த தினசரி நாள்காட்டியைச் சுவரில் மாட்டுவதற்கு முன்பே புரட்டினேன். அக்டோபர் 10, வெள்ளிக்கிழமை. புரட்டாசி 24. சதுர்த்தி. உடம்பு சிலிர்த்துவிட்டது. சிவப்பும் கறுப்புமாக ஒரே தாளில் இரண்டு பேருடைய நாளும் அச்சாகியிருந்தது.

அந்தச் சந்தோஷம் கொஞ்ச நேரம்தான் இருந்தது. அம்மாவுக்கு எழுபத்தாறு வயது, முழங்கால் மடங்காது. அத்தைக்கு எண்பத்திரண்டு, ஒரு கண்ணில்தான் பார்வை. இது மறுபடி சேர்ந்து வர இன்னொரு பத்தொன்பது வருஷம் ஆகும். அதற்குள் எது நடக்கும், எது நடக்காது என்று கணக்கு ஆசிரியரைக் கேட்க வேண்டியதில்லை. எனக்குப் பயமாக இருந்தது. அந்த இரண்டு பேரும் இனிமேல் பார்த்துக்கொள்ளாமலே போய்விடுவார்கள் என்று முதல் முறையாக அன்றுதான் வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன்.

முதலில் அம்மாவிடம் சொன்னேன். நாள்காட்டித் தாளைக் கண்ணருகே பிடித்துப் படித்தார். “பத்தொம்பது வருசம் கழிச்சாவது மதினி என் தேதிக்கு வந்தாகளே” என்றார்.

அத்தைக்குப் போன் செய்தேன். “இப்பத்தான் உங்கம்மா சரியான நாளுக்கு வந்திருக்கா” என்றார்.

இரண்டு பேரும் ஜெயித்துவிட்டார்கள். ஆனால் யாரும் யார் வீட்டுக்கும் வருவதாகச் சொல்லவில்லை. அது மட்டுமல்ல, அதுவரைக்கும் எனக்கு வராத ஒரு சிக்கலும் வந்து சேர்ந்தது. நாள் வேறு வேறாக இருந்தவரை இரண்டு இடத்துக்கும் மகளாகப் போய்வந்தேன். இப்போது ஒரே நாளில், ஒரே மதியத்தில், இரண்டு ஊரில் இரண்டு இலை. செப்டம்பர் முழுக்க யோசித்தேன். கடைசியில் அம்மாவைத் தனியே விட மனசில்லாமல், வரவில்லை என்று அத்தானிடம் சொல்லிவிட்டேன்.

அன்று காலை ஆறு மணிக்குப் பூசை. சாமியார் அப்பாவின் பெயரை வாசித்தபோது அம்மா வழக்கம்போல் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். வீட்டுக்கு வந்தோம். நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன். அம்மா நாற்காலியில் உட்கார்ந்து சுவரில் நாள்காட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒன்பதடிக்கப் போகிற நேரம்.

“சுருளிக்கு எம்புட்டு நேரம் ஆகும்?”

“ஒண்ணரை மணி. ஏம்மா?”

“உலைய எறக்கு. வண்டியக் கூப்பிடு.”

ஏன் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் மனம் மாறிவிடும். அடுத்த தெருவில் வாடகைக் கார் வைத்திருப்பவரை கையைப் பிடிக்காத குறையாக இழுத்துவந்தேன். ஏறியதும் அத்தானுக்குப் போன். அம்மாவும் வருகிறார் என்றேன். “வாங்க. ஆனா இன்னைக்கி வெள்ளிக்கெழம, பத்தரைக்கு ராகு காலம். அதுக்குள்ள முடிக்கணும்னு ஐயர்ட்ட சொல்லியாச்சு. எங்கம்மாவப் பத்தித்தான் ஒனக்குத் தெரியுமே” என்றார்.

கம்பம் வரை நன்றாகத்தான் போனோம். சுருளிச் சாலையில் திரும்பியதும் முன்னால் ஒரு நெல் அறுவடை இயந்திரம். முதல் போக அறுவடை நேரம். சாலையை முழுக்க அடைத்துக்கொண்டு, மாப்பிள்ளை ஊர்வலம் மாதிரி அசைந்து அசைந்து போனது. இரண்டு பக்கமும் வயல், ஒதுங்க இடமில்லை. ஹாரன் அடித்துப் பார்த்த டிரைவர், “அவன் வயலுக்குத் திரும்புனாத்தாம்மா நமக்கு வழி” என்று கையை எடுத்துவிட்டார். போனில் சிக்னலும் போயிற்று.

பத்து இருபது. பத்து முப்பது. அம்மா ஜெபமாலையைக் கையில் வைத்திருந்தார், ஆனால் உருட்டவில்லை. “முடிச்சிருப்பாக” என்றார். கொஞ்சம் கழித்து, “கால் மணி நேரம் பொறுக்க மாட்டாக. அவுக அப்படித்தான்” என்றார். அந்த வார்த்தைகளைப் பத்தொன்பது வருஷமாகக் கேட்டு எனக்கு அலுத்திருந்தது. அன்று மட்டும் அலுக்கவில்லை. அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டேன்.

ஆற்றங்கரையில் நாங்கள் போய் இறங்கும்போது பத்து ஐம்பது. அம்மாவைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கினேன். கீழ்ப்படியில் வாழையிலை விரித்தபடியே இருந்தது. எள், பிண்டம், தர்ப்பை எல்லாம் வைத்தது வைத்தபடி. அத்தான் ஈர வேட்டியோடு நின்றுகொண்டிருந்தார். ஐயர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்த குடும்பம் பொறுமையிழந்து பின்னால் உட்கார்ந்திருந்தது. அத்தை படியில் சாய்ந்து உட்கார்ந்து, நல்ல கண்ணை எங்கள் பக்கம் வைத்திருந்தார்.

அம்மாதான் முதலில் பேசினார். “முடிஞ்சிருச்சா மதினி?”

“நீ வரலயே” என்றார் அத்தை.

“ராகு காலம் வந்திருச்சே.”

“வந்தா வந்துட்டுப் போகுது. அன்னைக்கிப் பொறுக்காம எடுத்தேன், அதுல எனக்கு என்ன நல்லது நடந்துச்சு? சாமியாரு வண்டிச் சத்தம் சுடுகாட்டுப் பாதை முக்குலயே என் காதுல விழுந்துச்சு தாயி. திரும்பச் சொல்ல வாய் வரல. நான் செஞ்சது தப்பு.”

அம்மா மடங்காத முழங்காலோடு அத்தை பக்கத்தில் உட்காரப் பார்த்தார், முடியவில்லை. அத்தை எழுந்து நிற்கப் பார்த்தார், அவராலும் முடியவில்லை. அத்தான் ஒரு பக்கமும் நான் ஒரு பக்கமும் பிடித்து இரண்டு பேரையும் ஒரே படியில் சேர்த்தோம். ஐயர் மந்திரத்தைத் தொடங்கினார். கடைசியில் அத்தை கொஞ்சம் எள்ளை எடுத்து அம்மாவின் உள்ளங்கையில் வைத்தார். அம்மா சிலுவை போட்டுக்கொண்டு அதைத் தண்ணீரில் விட்டார். ஐயர் ஒரு நொடி பார்த்தார், பிறகு அடுத்த மந்திரத்துக்குப் போய்விட்டார்.

மதியம் கூடலூரில் அத்தை வீட்டில் சாப்பாடு. நான் அத்தானோடு இலை போட்டுக்கொண்டிருந்ததால் அவர்கள் இரண்டு பேரும் உள்ளறையில் என்ன பேசினார்கள் என்று தெரியாது. பேச்சுச் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது. ஒரு தடவை அத்தை சிரித்தார்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் நோட்டை எடுத்தேன். அக்டோபர் பத்து. அணை, சீனா, ஒலிம்பிக், விண்வெளி, பிஜி. அடியிலிருந்த பென்சில் வரியின் மேலேயே பேனாவால் எழுதினேன். அந்த எட்டாம் வகுப்புப் பெண் இப்போது கேட்டால் உட்காரு என்று சொல்ல மாட்டேன். எனக்கும் இன்னும் முழுசாகத் தெரியவில்லை என்று சொல்வேன்.

அம்மா கட்டிலில் காலை நீட்டித் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தார். “அடுத்த வருசம் சதுர்த்தி என்னைக்கி வருது?” என்றார்.

“செப்டம்பர் கடைசியிலம்மா. மறுபடியும் பிரிஞ்சு போயிரும்.”

“அதான் மதினியும் சொன்னாக. சுருளிக்கு நானும் வாரேன்னு சொல்லியிருக்கேன்.” தைலப் புட்டியை மூடினார். “அவுக, பூசை எத்தனாம் தேதின்னு கேட்டாக.”

“பத்தொன்பது வருஷமா அத்தைக்குத் தெரியாதா?”

“தெரியும். ஆனாலும் கேட்டாக. பத்துன்னு சொன்னேன்.”